கோலத்துக்கு விட்ட இடம்

வாசலில் ரப்பர் கல் பதித்த அன்றைக்கு அங்கே இருந்தவர்களை முதலில் சொல்லிவிடுகிறேன்.

நான்.

என் மனைவி. நிலைக்கு உள்பக்கம் பிளாஸ்டிக் சேரில் உட்கார்ந்திருந்தாள். பசை காய்கிற வரைக்கும் வெளியே கால் வைக்கக் கூடாது என்று சொல்லியிருந்தேன்.

அவள் தம்பி. பதினைந்து வருஷமாக என் கூடத்தான் வேலை செய்கிறான். என்னை மாமா என்பான்.

எங்கள் மகள். ஓசூரில் கட்டிக் கொடுத்திருக்கிறோம். முந்தின நாள் பஸ்ஸில் வந்திருந்தாள்.

பக்கத்து வீட்டுக் கன்னடக்காரப் பெண். அவளுக்கு அங்கே வேலை ஒன்றும் இல்லை. வேடிக்கை பார்க்க வந்தாள்.

அவள் வீட்டு நாய்.

அவ்வளவுதான்.

நான் பேவர் கல் பதிக்கிறவன். காரிமங்கலம் பக்கம் ஊர். பெட்ரோல் பங்க், கல்யாண மண்டபம், கோயில் வாசல் என்று இந்தப் பக்கம் நான் முட்டி போடாத தரை குறைவு. சிமெண்ட் கல்தான் எப்போதும். ரப்பர் கல் பின்னால் வந்தது.

என் மனைவிக்கு வலிப்பு. சின்ன வயசிலிருந்து வந்ததில்லை. மகளுக்குக் கல்யாணம் ஆன மறு வருஷம் சந்தையில் தக்காளி பொறுக்கிக்கொண்டிருந்தவள் அப்படியே சாய்ந்தாள். தக்காளி மேலேயே விழுந்ததால் அடி இல்லை. தருமபுரியில் தலையைப் படம் எடுத்துப் பார்த்து மாத்திரை கொடுத்தார்கள். மாத்திரையில் குறைந்தது. நிற்கவில்லை. மாசத்துக்கு ஒரு தரம் வரும். சில மாசம் இரண்டு தரம்.

வருவது அவளுக்கே தெரியாது. கண் ஒரு பக்கமாகப் போகும். அப்புறம் சாய்வாள். கை ஊன்ற மாட்டாள். அதுதான் அதில் மோசம். நீங்களும் நானும் விழுந்தால் கை முன்னால் போகும். அவளுக்குப் போகாது. தலைதான் முதலில் தரைக்குப் போகும்.

வீட்டுக்குள்ளே பழைய பஞ்சு மெத்தைகளைப் பிரித்துத் தரை முழுக்கப் போட்டேன். கட்டில் மூலை, பீரோ மூலைக்கெல்லாம் துணி சுற்றிக் கட்டினேன். சமையல் நான் பார்த்துக்கொண்டேன். வாசல்தான் பாக்கி.

வாசல் சிமெண்ட் தரை. நான் போட்டது. வீடு கட்டினபோது ஜல்லியில், மணலில் எதிலும் குறை வைக்காமல் போட்டு, மேலே சிமெண்ட் பால் ஊற்றித் தேய்த்தேன். பதினெட்டு வருஷத்தில் ஒரு கீறல் விட்டதில்லை. வேலை கேட்டு வருகிறவர்களிடம் என் வாசலைத்தான் காட்டுவேன். ஒரு ஆள் சுத்தியால் தட்டிப் பார்த்துவிட்டு, "பாறை மாதிரி இருக்குதுங்க மேஸ்திரி" என்றார். எனக்குச் சந்தோஷமாக இருந்தது.

அந்தத் தரையில் அவள் மூன்று தரம் விழுந்தாள். முதல் தரம் புருவம் கிழிந்து தையல் போட்டார்கள். இரண்டாம் தரம் முன்பல் இரண்டு போயிற்று. மூன்றாம் தரம் பின்மண்டை. இரண்டு நாள் என்னைப் பார்த்து, "நீங்க யாருங்க?" என்று கேட்டாள்.

வாசலுக்குப் போகாதே என்றேன்.

"அடுப்புகிட்ட போவாதன்னீங்க, போவல. தண்ணித் தொட்டிகிட்ட போவாதன்னீங்க, போவல. வாசலுக்கும் போவக்கூடாதுன்னா நான் எதுக்கு இந்த வூட்ல? போட்டோ எடுத்து மாட்டிருங்க, செவுத்துல சும்மா இருக்கறன்."

அப்புறம் நான் சொல்லவில்லை. காலையில் அவள் வாசல் கூட்டித் தண்ணி தெளித்துக் கோலம் போட்டுவிட்டு உள்ளே வரும்வரை நான் டீயைக் குடிக்காமல் கையில் வைத்துக்கொண்டு நிற்பேன்.

அப்போதுதான் ஒரு பள்ளிக்கூடத்தில் குழந்தைகள் விளையாடுகிற இடத்துக்கு ரப்பர் கல் பதிக்கிற வேலை வந்தது. பழைய லாரி டயரை அரைத்துப் பசை கலந்து அழுத்திச் செய்கிறார்கள். ஒன்றரை இஞ்ச் கனம். ஒரு கல் ஒன்றரை அடிக்கு மேல் சதுரம். தூக்கினால் தோசைக்கல் எடை இருக்கும், ஆனால் வளையும்.

முதல் நாள் சிமெண்ட் கல் மாதிரியே நெருக்கிப் பதித்தோம். எங்கள் வேலையில் கல்லுக்குக் கல் இடைவெளி தெரியாமல் இருந்தால்தான் நல்ல வேலை. காலையில் அழகாக இருந்தது. மத்தியானம் வெயில் ஏறினதும் நடுவில் பூரி மாதிரி உப்பிக்கொண்டு நின்றது. வெயிலுக்கு ரப்பர் விரியும் என்று எங்களுக்குத் தெரியாது. எல்லாவற்றையும் பெயர்த்து ஒரு நூல் இடைவெளி விட்டு மறுபடி பதித்தோம்.

வேலை முடிகிற சமயத்தில் ஒரு சின்னப் பெண் குழந்தை சறுக்குமரத்தின் உச்சியிலிருந்து தவறித் தலைகுப்புற விழுந்தது. நான் எழுந்து ஓடுவதற்குள் அது எழுந்து மறுபடியும் ஏணியில் ஏறிக்கொண்டிருந்தது.

நான் அந்த இடத்துக்குப் போனேன். முட்டி போட்டேன். நெற்றியைத் தரையில் இடித்துப் பார்த்தேன். மெதுவாக ஒரு தரம். அப்புறம் வேகமாக.

அவள் தம்பி பார்த்துவிட்டுச் சிரித்தான். "என்ன மாமா, தரைக்குக் கும்புடு போடறீங்க?"

"அக்காவுக்குப் பாக்கறன்டா."

அவன் சிரிப்பை நிறுத்தினான். தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்தான். என் பக்கத்தில் முட்டி போட்டு அவனும் இடித்துப் பார்த்தான்.

சைட் இன்ஜினியர் வந்துவிட்டார். "என்னங்க மேஸ்திரி, ரெண்டு பேருக்கும் வேண்டுதலா?"

"ஆமாங்க" என்றேன்.

மூலை உடைந்தது, நிறம் மங்கினது என்று ஒதுக்கி வைத்திருந்த கல்லை எல்லாம் எனக்கே கொடுத்துவிடச் சொல்லிக் கேட்டேன். கொடுத்தார்கள். என் வாசல் நீளத்துக்கு ஒன்பது, அகலத்துக்கு ஆறு. ஐம்பத்து நாலு கல் வேண்டும். பொறுக்கி எடுத்தால் சரியாக ஐம்பத்து நாலு தேறிற்று.

முதலில் ஒரு கல்லை மட்டும் வண்டியில் கட்டி வீட்டுக்குக் கொண்டுபோனேன். அவள் மோந்து பார்த்தாள்.

"பஞ்சர் கடைல குடி இருக்கற மாதிரி இருக்கும் போலயே. இது என்ன டயருங்க?"

"லாரி டயரு."

"தொப்பூர் எறக்கத்துல வெடிக்கற டயரெல்லாம் இனிமே நம்ம வாசலுக்குத்தான் வருமா?"

மேலே ஏறி நின்று பார்த்தாள். ஒரு குதி குதித்தாள். அப்புறம் கோலப்பொடி டப்பாவை எடுத்துவந்து அந்த ஒற்றைக் கல்லின் மேல் சின்னதாக ஒரு கோலம் போட்டாள். பொடி ரப்பரின் பொத்தல்களுக்குள் இறங்கிவிட்டது. கோடு தெரியவில்லை. சீமாறால் கூட்டிப் பார்த்தாள். போகவும் இல்லை. சாம்பல் கொட்டின மாதிரி கிடந்தது. டப்பாவை மூடி உள்ளே கொண்டுபோய் வைத்தாள்.

பதிக்கிற அன்றைக்குக் காலையில் குட்டியானை வண்டியில் மிச்சக் கல் வந்தது. தரையைக் கழுவிக் காய வைத்திருந்தேன். நூல் கட்டினேன். பல்லுத் தகட்டால் பசையை இழுத்தேன். மச்சான் கல் எடுத்துக் கொடுத்தான். ஒரு நூல் இடைவெளி விட்டு ஒவ்வொன்றாக வைத்து ரப்பர் சுத்தியால் தட்டிக்கொண்டு வந்தேன். ஓரம் கறுப்பு, நடுவில் சிவப்பு. அந்த வேலையில் ஒரு குறை சொல்ல முடியாது.

பக்கத்து வீட்டுப் பெண் இடுப்பில் கை வைத்து நின்றாள். "ஏனக்கா இது? எருமைத் தோல உரிச்சி விரிச்ச மாதிரி இருக்குது."

"உனக்கும் ஒண்ணு வேணுமா? நீயும் நல்லா வுழு, எங்க வூட்டுக்காரரு போட்டுக் குடுப்பாரு" என்றாள் என் மனைவி.

நாய் பசை காயாத கல்லின் மேல் ஏறிப் படுத்துக்கொண்டது. துரத்தினால் அடுத்த கல்லுக்குப் போயிற்று. மகள் சிரித்துக்கொண்டே இருந்தாள். அவள் அம்மா விழ ஆரம்பித்ததிலிருந்து அந்தப் பெண் அப்படிச் சிரித்து நான் பார்க்கவில்லை.

படிக்கு எதிரே வந்தபோது என் மனைவி சேரிலிருந்து எழுந்தாள்.

"ஏங்க, அங்க நாலு கல்லு எடம் வுட்டுருங்க."

"எதுக்கு?"

"கோலத்துக்கு."

"வேணாம்."

மகள் சொன்னாள். "அம்மா, ஸ்டிக்கர் கோலம் நல்லா வருதும்மா. நான் வாங்கியாறன். ஒட்டிட்டா வருசக்கணக்குல இருக்கும்."

"ஒட்டிட்டுப் போயி நான் என்ன பண்ணறது? அதப் பாத்துக்கினே ஒக்காந்திருக்கறதா?" அப்புறம் என்னைப் பார்த்துச் சொன்னாள். "சாவு வூட்டு வாசல்லதாங்க கோலம் இருக்காது. நான் இன்னும் இருக்கறன்."



அவள் தம்பிதான் சொன்னான். "அக்கா கேக்குதில்ல, வுடுங்க மாமா. ஒரு நாளைக்கு அஞ்சு நிமிசம்."

நான் சுத்தியைக் கீழே வைத்துவிட்டு யோசித்தேன். நாள் முழுக்க அவள் ரப்பர் மேலேதான் இருக்கப் போகிறாள். உட்காருவது, காய் அரிவது, துணி மடிப்பது எல்லாம் அங்கேதான். கோலத்துக்கு அஞ்சு நிமிஷம். அந்த அஞ்சு நிமிஷத்துக்கு நான் பக்கத்தில் நிற்கிறேன். மாசத்தில் ஒரு தரம் வருகிறது, அந்த அஞ்சு நிமிஷத்தைப் பார்த்தா வரப் போகிறது என்று நினைத்தேன்.

விட்டேன். இப்படி இரண்டு, அப்படி இரண்டு.

கல் ஒன்றரை இஞ்ச் கனம் என்பதால் அந்த இடம் பள்ளமாக இருந்தது. அவள் கால் தட்டிவிடக் கூடாது என்று நாலு பக்கமும் ரப்பரைக் கத்தியால் சரிவாகச் சீவினேன். சோப்புத் தண்ணி தொட்டுத் தொட்டுச் சீவ வேண்டும். சாயங்காலம் வரை அதையே செய்தேன். எனக்குத் தெரிந்த வேலையை எல்லாம் அந்த ஓரத்தில் காட்டினேன். கை வைத்துத் தடவினால் எங்கே ரப்பர் முடிகிறது, எங்கே சிமெண்ட் ஆரம்பிக்கிறது என்று தெரியாது.

அப்புறம் நாலு மாசம் நன்றாக இருந்தோம்.

பதித்த இருபதாவது நாள் மொச்சைக்காய் உரித்துக்கொண்டிருந்தவள் சாய்ந்தாள். நான் பார்த்துக்கொண்டேதான் இருந்தேன். தலை தரையில் பட்டு ஒரு தரம் எழும்பி அடங்கிற்று. தெளிந்ததும் மண்டையைத் தடவிப் பார்த்தாள். ஒன்றும் இல்லை. வீக்கம்கூட இல்லை. மொச்சைக்காய்தான் வாசல் முழுக்கச் சிதறியிருந்தது.

"வுழுந்தனா?" என்று கேட்டாள்.

"வுழுந்த."

"மெய்யாலுமா?"

நான் பின்பக்கம் போய் முகம் கழுவிக்கொண்டு வந்தேன்.

செய்தி தெரிந்து மச்சான் சாயங்காலம் கறி எடுத்துக்கொண்டு வந்தான். பொண்டாட்டி விழுந்ததற்குக் கறி எடுத்துச் சாப்பிட்ட வீடு இந்த ஜில்லாவிலேயே எங்கள் வீடு ஒன்றுதான் இருக்கும். "அக்கா, அடுத்தது எப்பன்னு முன்னாடியே சொல்லு, நாட்டுக்கோழியா புடிச்சாறன்" என்றான். அவளும் சிரித்தாள். பல் இல்லாத இடத்தைக் கையால் மறைக்காமல் சிரித்தாள்.

இன்னும் இரண்டு தரம் விழுந்தாள். ஒன்றும் ஆகவில்லை. எனக்குத் தூக்கம் வர ஆரம்பித்தது. வேலைக்கு வெளியூரும் போனேன். டீயைச் சூடாகக் குடித்தேன்.

மார்கழி பிறந்தது.

மார்கழியை நான் நினைக்கவில்லை. அஞ்சு நிமிஷம் என்று நினைத்தபோது மற்ற மாசத்துக் கோலம்தான் மனசில் இருந்தது. மார்கழியில் எங்கள் தெருவில் ஒருத்தருக்கொருத்தர் போட்டி. புள்ளி வைத்து, இழுத்து, கலர் கொடுத்து, நடுவில் சாணி உருண்டையில் பூசணிப்பூ செருகி வைக்க முக்கால் மணி நேரம் ஆகும். அவளுக்கு இருந்தது நாலு கல் இடம். அதற்குள் எல்லாவற்றையும் அடக்கிவிடுவாள். மெலிசுக் கோடு. ரப்பரில் நின்றுகொண்டு உள்பக்கமாகக் குனிந்து போடுவாள். சிமெண்டில் கால் வைத்தால் கோடு அழியும்.

நான் தினமும் கூடவே நின்றேன். பனி கொட்டும். குல்லா போட்டுக்கொண்டு நிற்பேன். பக்கத்து வீட்டுப் பெண் அவள் வாசலில் போட்டுக்கொண்டே, "அக்கா, உங்க வூட்டுக்காரரு போலீசு மாதிரியே நிக்கறாரு. கோலம் திருட்டுப் போயிருமா?" என்பாள்.

"திருடுனா உன்னத்தான் புடிப்பாரு" என்பாள் இவள்.

மார்கழி பாதி தாண்டினபோது ஒரு நாள் விடிகிற நேரம். புள்ளி வைத்துக் கோடு இழுத்து முடித்துவிட்டாள். கலர் கொடுக்க வேண்டும்.

"ஏங்க, செகப்புப் பொடிய மறந்துட்டன். சாமி ரூமுல இருக்குது, எடுத்தாங்க."

நான் உள்ளே போனேன். டப்பா கண் முன்னாலேயே இருந்தது. எடுத்துக்கொண்டு திரும்பினேன்.

ரப்பரில் விழுந்தால் சத்தம் வராது.

சத்தம் வந்தது.

உடம்பு ரப்பரில் கிடந்தது. கால், இடுப்பு, நெஞ்சு எல்லாம் ரப்பரில். தலை மட்டும் சிமெண்டில். கன்னமெல்லாம் கோலப்பொடி. கை மூடியிருந்தது. பிரித்துப் பார்த்தேன், பொடி.

பக்கத்து வீட்டுப் பெண் "அய்யோ தேவ்ரே" என்று கத்திக்கொண்டு ஓடி வந்தாள். அவள் வீட்டுக்காரர் கார் எடுத்தார். தருமபுரியில் பார்த்துவிட்டுத் தலைக்குள் ரத்தம் கட்டியிருக்கிறது, சேலம் கொண்டுபோங்கள் என்று ஆம்புலன்சில் ஏற்றினார்கள். நானும் மச்சானும் உள்ளே உட்கார்ந்தோம். அவன் அவள் காலைப் பிடித்துக்கொண்டான். நான் தலைமாட்டில்.

தொப்பூரில் லாரி வரிசையாக நின்றது. ஆம்புலன்ஸ் ஊதிக்கொண்டே ஊர்ந்து போயிற்று. கண்ணாடி வழியாக லாரியின் மேல்பாகம் தெரியவில்லை. டயர்தான் தெரிந்தது. ஒன்று முடிந்தால் அடுத்தது. நான் அவள் முகத்தைப் பார்க்க முடியாமல் டயரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். இறக்கம் முடிவதற்குள் கூட வந்த நர்ஸ் என் தோளைத் தொட்டார்.

மச்சான் காலை விடவில்லை. திரும்பி ஊர் வந்து சேரும்வரை பிடித்துக்கொண்டே வந்தான்.

எடுத்த பிறகு வாசலை நான்தான் கழுவினேன். மகள் வேண்டாம் என்றாள். நான் கேட்கவில்லை. சிமெண்ட் சீக்கிரம் சுத்தமாயிற்று. பால் ஊற்றித் தேய்த்த தரை. கீறல் ஒன்றும் இல்லை.

வருஷம் திரும்புகிற வரைக்கும் கோலம் போடக் கூடாது என்று பெரியவர்கள் சொல்லிவிட்டுப் போனார்கள். போட ஆளும் இல்லை. நூல் கட்டி நூறு அடிக்கு நேர் பிடிப்பேன். நாலு புள்ளி வைத்துச் சுற்றி இழுக்கத் தெரியாது.

மச்சான் வேலைக்கு வருவான். சாப்பாட்டு வேளையில் தள்ளி உட்காருவான். வீட்டுக்கு வந்தால் முன்பக்கம் வர மாட்டான். சந்து வழியாகப் பின்பக்கம் வந்து பேசிவிட்டு அப்படியே போவான். ஏழு மாசம் அப்படி இருந்தான்.

ஆடியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை முன்வாசலுக்கு வந்து நின்றான். கையில் பசை டப்பா, பல்லுத் தகடு, ரப்பர் சுத்தி.

"மாமா, அத மூடிரலாம்."

நான் படியில் உட்கார்ந்திருந்தேன்.

"நான் சொல்லித்தான வுட்டீங்க."

"நீ சொல்லல. அவ கேட்டா. நான் வுட்டன்."

"அஞ்சு நிமிசம்னு நான்தான மாமா சொன்னன்."

"நானும் அதத்தான் நெனச்சன். நீ வாய் தொறந்து சொல்லிட்ட. நான் சொல்லல. அவ்ளோதான்."

அவன் முட்டி போட்டான். துண்டால் அந்த இடத்தைத் துடைக்க ஆரம்பித்தான். தூசியை வாயால் ஊதினான். எனக்குப் படியிலிருந்து அவன் முதுகுதான் தெரிந்தது. ஓரமாகத் துடைத்துக்கொண்டு வந்தவன் ஒரு மூலையில் நின்றுவிட்டான்.

போய்ப் பார்த்தேன். நான் சீவின சரிவுக்கு அடியில், ரப்பரும் சிமெண்டும் சேருகிற இடத்தில், விரல் நீளத்துக்கு வெள்ளையாகக் கோலப்பொடி இருந்தது. நான் கழுவினதில் போகவில்லை. மழையிலும் போகவில்லை.

அவன் தொடவில்லை. துண்டை மடித்துத் தோளில் போட்டான். பசை டப்பாவை இன்னும் திறக்கவில்லை. அதை எடுத்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டான்.

"இன்னொரு நாளைக்குப் பாத்துக்கலாம் மாமா."

"செரி."

பதிக்காமல் மிஞ்சின கல்லைச் சுவரோரம் சாக்குப் போட்டு மூடி வைத்திருந்தேன். அதன் மேல் பக்கத்து வீட்டு நாய் படுத்திருந்தது. அவன் அந்தப் பக்கம் பார்த்தான். அவனுக்குத் தெரியும். இருந்தாலும் கேட்டான்.

"எத்தன கல்லு இருக்குது மாமா?"

"நாலு."